‘கீழ்’ என்பதும் ‘சேய்மை’ என்பதும்: உடற்கூற்று இடச்சொல் ஒன்றின் பொருளும் ஆட்சியும்

உடற்கூற்றியலில் ‘டிஸ்டல்’ என வழங்கும் இடச்சொல்லுக்குத் தமிழில் ‘சேய்மை’ என்னும் நேர்சொல் ஏறத்தாழ நிலைபெற்றுவிட்டது. அதன் இணையாகிய ‘பிராக்ஸிமல்’ என்பதற்கு ‘அண்மை’ அமைந்தது. சிறுநீரக நுண்குழல்களைப் பற்றிய பாடத்தில் மேல்நிலைப் பள்ளி மாணவர்களும் இவ்விணையைப் படித்துவருகின்றனர். ஆகவே சொல் இல்லை என்னும் பழைய குறை இங்கு இல்லை. சொல் கிடைத்தும் அதன் ஆட்சி வரையறுக்கப்படவில்லை என்பதே இக்கருத்துரையின் பொருள். எதிலிருந்து சேய்மை, எந்த வேற்றுமையோடு சேய்மை, யாருக்கு எழுதும்போது சேய்மை என்னும் மூன்று வினாக்களும் விடையின்றி நிற்கின்றன.

இவ்வினாக்கள் எனக்கு நூலகத்தில் தோன்றியவை அல்ல. சென்ற ஆண்டு என் தந்தையார் வரப்பில் வழுக்கி, கையை ஊன்றி விழுந்தார். மணிக்கட்டை ஒட்டி எலும்பு முறிந்தது. மாவுக்கட்டுப் போட்டு அனுப்பிய மருத்துவமனையில் கொடுத்த அறிவுரைத் தாள் ஆங்கிலத்தில் இருந்தது. வீட்டில் தமிழ் படித்தவன் நான் ஒருவன். எனவே அதைத் தமிழில் எழுதிச் சுவரில் ஒட்டினேன். மாவுக்கட்டுக்கு ‘டிஸ்டல்’ ஆன பகுதி வீங்கினாலோ மரத்தாலோ உடனே வரவேண்டும் என்று மூலத்தில் ஒரு வரி. ‘சேய்மை’ என்று எழுதினால் அவருக்கு விளங்காது என்று எண்ணி, ‘கட்டுக்குக் கீழே உள்ள பகுதி’ என எழுதினேன். வீக்கம் வடியக் கையைத் தலையணைமேல் உயர்த்தி வைக்கச் சொல்லியிருந்தார்கள். உயர்த்தி வைத்த கையில் கட்டுக்குக் கீழே இருப்பது முழங்கை. அவர் இரண்டு நாளும் முழங்கையைத் தொட்டுப் பார்த்து, “கீழ நல்லாத்தான இருக்கு” என்று சொல்லிக்கொண்டிருந்தார். விரல்கள் வீங்கி உணர்விழந்துவந்ததை இரண்டாம் நாள் இரவில் என் தம்பிதான் கண்டான். கட்டைப் பிளந்து இறுக்கத்தைத் தளர்த்தியபின் விரல்கள் மீண்டன. இன்னும் சில மணி நேரம் சென்றிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பதை மருத்துவர் சொல்ல, நான் தலைகுனிந்து கேட்டேன். பிழை தாளில் இல்லை. என் மொழிபெயர்ப்பில் இருந்தது.

‘மேல், கீழ், முன், பின்’ என்பவை உடற்கூற்றியலிலும் உண்டு. ஆனால் அங்கே அவை ஒரு கற்பனை நிலையை அடியாகக் கொண்டவை. உடல் நிமிர்ந்து நிற்கிறது, முகம் முன்னோக்குகிறது, கைகள் பக்கங்களில் தொங்குகின்றன, உள்ளங்கைகள் முன்னோக்குகின்றன. நோயாளி படுத்திருந்தாலும் கையை மடக்கியிருந்தாலும் சொற்கள் இந்நிலையையே குறிக்கும். இதனை ‘உடற்கூற்று நிலை’ என்பர். நம் கேசாதிபாத, பாதாதிகேச மரபுகளும் நிற்கும் உடலொன்றையே மனத்திற்கொண்டு மேலிருந்து கீழாகவோ கீழிருந்து மேலாகவோ செல்கின்றன. யாழ்ப்பாணத்து மானிப்பாயில் மருத்துவத்தைத் தமிழில் கற்பித்த சாமுவேல் பிஸ்க் கிறீன், 1872இல் வெளியான தம் உடற்கூற்று நூலுக்கு ‘மனுஷ அங்காதிபாதம்’ எனப் பெயரிட்டபோது அம்மரபின் ஓசை அதில் ஒலித்தது தற்செயலாக இராது. ஆனால் அன்றாட வழக்கில் ‘கீழ்’ என்பது நிலத்தை நோக்கியது. கற்பனை நிலையைக் கற்காதவர் அதனை அப்படித்தான் கொள்வார். அதில் அவர் தவறு ஏதுமில்லை.

இச்சிக்கல் தமிழுக்கே உரியதும் அன்று. எடின்பரோவில் உடற்கூற்றியல் கற்பித்த ஜான் பார்க்லே 1803இல் ஒரு நூல் எழுதினார். உடலின் இடத்தையும் பக்கத்தையும் குறிக்கும் சொற்களை மட்டுமே ஆராய்வது அது. மேல், கீழ் போன்ற சொற்கள் இருகால் மனிதனிலும் நாற்கால் விலங்கிலும் பொருள் மாறுவதைக் கண்டு, நிலை மாறினாலும் மாறாத சொற்களை அவர் தேடினார். ‘பிராக்ஸிமல், டிஸ்டல்’ என்னும் இணையைக் கைகால்களுக்கு வகுத்தவர் அவரே. உறுப்பு உடலோடு ஒட்டும் இடத்திற்கு அருகிலுள்ளது ஒன்று, அகன்றுள்ளது மற்றொன்று. ‘நோக்கி’ என்னும் பொருள்தரும் விகுதி ஒன்றையும் சேர்த்துப் புதிய வினையடைகளை அவர் படைத்தார். அவற்றுள் பெரும்பாலானவை வழக்கில் நிற்கவில்லை. பின்னர் 1895இல் பாசலிலும் 1955இல் பாரிசிலும் உடற்கூற்றுப் பெயர்கள் ஒழுங்குபடுத்தப்பட்டன. 1998இல் ஒரு பன்னாட்டுப் பட்டியல் வெளியானது. நூற்றாண்டு கடந்தும் ஒழுங்கு தேவைப்பட்ட ஒரு துறையில் நாம் ஒரு நேர்சொல்லை இட்டுவிட்டு அமைதி கொள்வது போதாது.

‘சேய்மை’யின் முதற் சிக்கல் அதன் புள்ளி. தமிழ் மாணவருக்கு அண்மையும் சேய்மையும் சுட்டின்வழி அறிமுகமானவை. இகரம் அண்மைச்சுட்டு, அகரம் சேய்மைச்சுட்டு. ஈழத்து வழக்கில் இன்றும் உயிரோடிருக்கும் உகரம் இவற்றின் இடைப்பட்டது. இவை அனைத்தும் பேசுவோனை மையமாகக் கொண்டவை. பேசுவோன் நகர்ந்தால் ‘இது’ ‘அது’வாகும். உடற்கூற்றின் சேய்மைக்கோ பேசுவோன் ஒரு பொருட்டல்லன். நோயாளி கையை நீட்டி என் முகத்தருகே விரலைக் காட்டும்போது எனக்கு அண்மையிலிருப்பது விரல்நுனி. உடற்கூற்றில் அது சேய்மைக் கடையில் உள்ளது. இலக்கணப் பழக்கம் இங்கே உதவுவதற்கு மாறாக இடறுகிறது. மேலும் மையப் புள்ளியும் ஒன்றன்று. கைகால்களில் அது உடற்பகுதி; சிறுநீரக நுண்குழலில் கிளாமருலஸ்; பல் வரிசையில் முகத்தின் நடுக்கோடு. கடைவாய்ப் பல்லின் ‘சேய்மைப் பரப்பு’ என்பது தொண்டைப் பக்கத்தைக் காட்டுகிறது. எதிலிருந்து என்பதைச் சொல்லாத ‘சேய்மை’ இம்மூன்றையும் ஒன்றாகக் குழப்பும்.

இரண்டாவது சிக்கல் வேற்றுமை. இதுவே தமிழாய்வாளர் கவனத்திற்கு உரியது என்பேன். ஏனெனில் மருத்துவர் இதனைத் தீர்க்க இயலாது. ‘மணிக்கட்டின் சேய்மைப் பகுதி’ என்னும் தொடரை எடுத்துக்கொள்வோம். மணிக்கட்டிற்குள்ளேயே விரலை நோக்கிய பகுதி என்பது ஒரு பொருள். மணிக்கட்டைக் கடந்து அப்பாலுள்ள பகுதி என்பது மற்றொன்று. ‘இன்’ என்பது உடைமையைச் சுட்டும் சாரியையாகவும் நிற்கலாம். நன்னூலார் ஐந்தாம் வேற்றுமைக்குக் கூறிய எல்லைப் பொருளிலும் நிற்கலாம். ஓர் ஊரின் வடக்கு என்றால் அவ்வூருக்குள் வடபகுதியா, அவ்வூருக்கு அப்பால் வடக்கிலுள்ள வேறிடமா என்னும் அதே ஐயம் இங்கு எலும்பின்மேல் எழுகிறது. ஊர்ப் பெயரில் சூழல் ஐயத்தைத் தீர்த்துவிடும். அறுவைக் குறிப்பில் சூழல் அவ்வளவு தாராளமாக இருப்பதில்லை. ஆங்கிலத்தில் இவ்விரு பொருளும் வெவ்வேறு தொடரமைப்பால் பிரிந்து நிற்கின்றன. தமிழிலும் பிரிக்க வழி உண்டு: உறுப்பின் உட்பகுதியைச் சொல்ல ‘இன்’, உறுப்பைக் கடந்ததைச் சொல்ல ‘கு’. ‘ஆர எலும்பின் சேய்மை முனை’ என்பது எலும்பின் ஒரு பகுதி. ‘முழங்கைக்குச் சேய்மையில்’ என்பது முழங்கையைக் கடந்த இடம். இந்த எளிய விதியை நம் கலைச்சொற் பட்டியல்கள் தருவதில்லை. ஒரு பக்கம் ஆங்கிலம், மறுபக்கம் தமிழ் என நிற்கும் பட்டியலில் உருபுக்கு இடமே இல்லை.

கைகால்களைப் பொறுத்தவரை இதனினும் நல்ல இணை தமிழிலேயே இருக்கிறது என்பது என் துணிபு. இலக்கணத்தில் கையும் காலும் சினைப்பெயர்கள். சினை என்பது உறுப்பையும் குறிக்கும், மரக்கிளையையும் குறிக்கும். சினையை உடையது முதல். சங்கப் பாடல்களில் ‘முதல்’ மரத்தின் அடிப்பகுதியைக் குறித்துப் பலவிடத்தும் வருகிறது. கிளை எங்கே ஒட்டியிருக்கிறதோ அது முதல், மறுமுனை நுனி. கிளை வளைந்து தரையைத் தொட்டாலும் நுனி நுனியே. விருந்தில் இலை போடுவோர் இலையை எப்படித் திருப்பினாலும் நுனியைத் தேட வேண்டியதில்லை. இலையே அதைச் சொல்லிவிடும். பார்க்லே தேடியது இத்தகைய சொல்லைத்தான். முதலும் சினையும் நிலையானவை அல்ல, சொல்வோன் குறிப்பைப் பொறுத்தவை என்று தொல்காப்பிய வேற்றுமை மயங்கியல் கூறுவதும் இங்குப் பொருந்துகிறது. முழங்கை தோளுக்கு நுனிப்புறம்; மணிக்கட்டுக்கு முதற்புறம். சார்புடைமை இச்சொல்லிணைக்குக் குறையன்று, உடற்கூற்றுக் கருத்தே அதுதான்.

‘அடி–நுனி’ என்பதே மக்கள் வழக்கு, ‘முதல்’ எதற்கு எனக் கேட்கலாம். நானும் முதலில் ‘அடி’யைத்தான் எழுதிப் பார்த்தேன். கையில் அது பொருந்தியது. காலுக்கு வந்தபோது கைவிட்டேன். காலில் ‘அடி’ என்பது பாதம். அதுவோ காலின் நுனிப்புறம். ஒரே சொல் இரு முனைகளையும் சுட்டுமாயின் அது கலைச்சொல்லாகாது. ‘முதல்’ என்பதற்கும் ‘ஒன்றாவது’ என்னும் பொருள் உண்டு என்பதை மறுக்கவில்லை. ‘முதற்புறம்’ என்று சேர்த்தெழுதும்போது அம்மயக்கம் பெரிதும் நீங்குகிறது. முற்றும் நீங்குகிறது என்று சொல்லமாட்டேன். விரலெலும்புகளிலோ மயக்கமே பயனாகிறது. பெருவிரல் ஒழிந்த விரல்களில் மும்மூன்று, பெருவிரலில் இரண்டு என ஒரு கையில் 14 விரலெலும்புகள். முதல், இடை, கடை என்னும் நம் பழைய முக்கூற்று வைப்பு அவற்றின்மேல் தானாகவே வந்து அமர்கிறது. பெருவிரலில் இடையெலும்பு இல்லை என்பதையும் அப்பெயரே காட்டிவிடும்.

ஒரு கருத்துக்கு ஒரு சொல் என்பது கலைச்சொல்லாக்க நெறி; கைக்கு ஒன்று, நுண்குழலுக்கு ஒன்று எனப் பிரிப்பது அதற்கு மாறன்றோ என ஆய்வரங்கு ஒன்றில் கேட்கப்பட்டது. நியாயமான தடை. நுண்குழலுக்கும் குடலுக்கும் நுனி என ஒன்று இல்லை. அவற்றில் அண்மை, சேய்மையே தொடரட்டும். பல்லிலும் ‘நுனி’ செல்லாது; அங்கே அது வேர்நுனியைக் குறிக்கும். ஆயினும் மேற்கூறிய மூன்றும் உண்மையில் ஒரே கருத்தா? ஒட்டுமிடத்திலிருந்து அகலுதல், ஓட்டத்தின் தொடக்கத்திலிருந்து அகலுதல், நடுக்கோட்டிலிருந்து வளைவின்வழி அகலுதல் என அவை வேறுவேறு. ஆங்கிலம் அவற்றை ஒரு சொல்லுக்குள் அடக்கியதனாலேயே நாமும் அடக்கவேண்டும் என்பது நெறியன்று. அது பிறர் பட்டியலுக்கு நாம் கட்டும் கப்பம். மாணவர் பன்னாட்டு நூல்களைப் படிக்கும்போது இடர்ப்படுவர் என்னும் அச்சத்திற்கு மட்டும் எனக்கு முழு விடை இல்லை. மருத்துவப் பாடநூலில் சேய்மையை முதன்மைச் சொல்லாக வைத்து, கைகால்களைப் பேசுமிடத்து ‘நுனிப்புறம்’ என விளக்கிச் செல்வது இடைக்கால ஏற்பாடாகலாம்.

நோயாளிக்கு எழுதும் தாள் தனி வகை. அதில் இவ்விரண்டும் வேண்டா. 1814இல் ஆபிரகாம் காலிஸ் இதே முறிவை விளக்கியபோது, தம் கட்டுரைத் தலைப்பில் ‘டிஸ்டல்’ என்று எழுதவில்லை. ஆர எலும்பின் மணிக்கட்டுப் பக்க முனை என்னும் பொருள்படவே எழுதினார். பக்கத்து உறுப்பின் பெயரால் இடத்தைச் சொல்வது அறிவியலுக்கு இழுக்கன்று என்பதற்கு அதுவே சான்று. நம் மக்களும் ‘விரல் பக்கம்’, ‘தோள் பக்கம்’ என்றுதான் சொல்கின்றனர். உயர்த்தினாலும் தாழ்த்தினாலும் மாறாத சொற்கள் அவை. ‘கீழ்’ என்று எளிமைப்படுத்தியதாக நான் எண்ணிக்கொண்டபோது இவ்வெளிய வழக்கு என் நினைவுக்கு வரவில்லை என்பதே எனக்கு உறுத்துகிறது.

கலைச்சொல் அகராதி தொகுப்போரிடம் என் வேண்டுகோள் சிறியது. இடச்சொல் ஒவ்வொன்றுக்கும் நேர்சொல்லோடு மூன்று குறிப்புகள் வேண்டும்: எதனை மையமாகக் கொண்டது, எந்த உருபேற்கும், பொதுமக்களுக்கு எழுதும்போது மாற்று என்ன. தமிழ்த்துறையினர் இல்லாமல் இரண்டாவதை எழுத இயலாது. மருத்துவர் இல்லாமல் முதலாவதை எழுத இயலாது. மூன்றாவதற்குக் கட்டுப் போட்டுக்கொண்டு வீட்டிலிருக்கும் ஒருவரிடம் படித்துக் காட்டவேண்டும். சுவரிலிருந்த தாளை மாற்றி எழுதியபோது நான் அதைத்தான் செய்தேன். “கட்டுக்கு வெளியே தெரியும் விரல்கள் வீங்கினாலோ, மரத்தாலோ, நிறம் மாறினாலோ உடனே வரவும்” என்று படித்தேன். தந்தையார் தலையணைமேலிருந்த கையைப் பார்த்து, ஐந்து விரல்களையும் ஒவ்வொன்றாக மடக்கி விரித்தார்.