முகமும் அகமும்

கூடி வாழ்தல் எனும் பொருளில் எடுக்கப்படும் ஆவணப் படங்களில், பெயரறியாத் தனியொருவர் முகம் தோன்றுகின்றதே, அம்முகம் யாருக்கு உரியது? 2018-ஆம் ஆண்டில் வெளியான ‘வைல்ட் வைல்ட் கன்ட்ரி’ என்னும் ஆறு பகுதிப் படத்தைக் கப்பல்துறையில் எம் இல்லத்தே மாணாக்கர் சிலருடன் கண்டபோது எழுந்த வினா இது.

பகவான் ரஜனீஷின் அடியார்கள் 1981-இல் அமெரிக்காவின் ஒரிகன் மாநிலத்தில் அமைத்த கூட்டுக் குடியிருப்பின் கதையை அப்படம் கூறுகின்றது. அதனுள்ளே பழைய படமொன்றும் வருகின்றது. 1970-களின் இறுதியில் யேர்மனியரான வொல்ஃப்காங் டொப்ரோவொல்னி புனே ஆசிரமத்தில் எடுத்தது அது. உளப்பயிற்சி அறையொன்றில் சிலர் ஆடையின்றி அழுகின்றனர், அலறுகின்றனர். பின்னர் அதனைக் கண்ட ஒரிகன் ஊரார், புதிதாய்க் குடிவந்த அயலாரைக் குறித்து அஞ்சினர். 2018-இலோ உலகமே அவ்வழுகையைக் கண்டது.

“ஐயா, அவர்கள் விரும்பித்தானே நின்றார்கள்?” என்றான் ஒரு மாணவன். விரும்பியே நின்றிருக்கலாம். ஆயினும் ஒருவர் இசைவது தாம் அறிந்த அவைக்கே அன்றோ? நாற்பது ஆண்டு கழித்து, காணாத கண்களுக்கெல்லாம் அவ்விசைவு செல்லும் என்பது எவ்வாறு பொருந்தும்?

நம் முன்னோர் இதனை நுணுகி ஆய்ந்தனர். அகத்திணையில் ஒருவர் பெயரைச் சுட்டலாகாது என விதித்தார் தொல்காப்பியர். நெடுநல்வாடை பிரிவுத் துயரைப் பாடுவதே. ஆயினும் வேலில் வேப்பந்தழை கட்டியமை கூறப்பட்டதால், அது பாண்டியனைச் சுட்டுமென்று கண்டு, அதனைப் புறப்பாட்டென்றார் நச்சினார்க்கினியர். ஒரு தழையே ஒருவரைக் காட்டிக் கொடுக்குமாயின், முகம் எத்துணை காட்டிக் கொடுக்கும்!

இதனால் படமே வேண்டா என்பது எம் கருத்தன்று. 1984-இல் அக்குடியிருப்பின் தலைமையினர் சிலர், தி டால்ஸ் நகர உணவகங்களில் நோய்க்கிருமி கலந்து 751 பேரை நோயுறச் செய்தனர். அது புறம், முகத்தோடும் பெயரோடும் காட்டுதலே முறை. பயிற்சி அறையில் அழுதவரின் கண்ணீர் அகம். அதனை முகம் மறைத்துக் காட்டுக. அன்றேல், மீண்டும் காட்டும்போதெல்லாம் மீண்டும் இசைவு கேட்க.

இது தொலைநாட்டுச் செய்தி மட்டுமன்று. 2004 டிசெம்பர் 26-இல் கடல் பொங்கியபின், திருகோணமலைக் கரையோர மக்களும் முகாம்களில் ஓரடுப்பில் சமைத்து ஒருங்கே உண்டனர். அங்கும் படக்கருவிகள் வந்தன. அன்று தட்டேந்தி நின்ற சிறுமி ஒருத்தி பின்னாளில் எம்மிடம் பயின்றாள். ஆண்டு நினைவு நாள்களில் அக்காட்சி திரையில் வரும்போது எழுந்து வெளியே சென்றுவிடுவாள்.

“பசித்தது உண்மைதான் ஐயா, ஆனால் என்னை ஒருவரும் கேட்கவில்லையே” என்றாள் ஒருநாள். எம்மிடம் அதற்கு விடை இல்லை. படம் எடுப்போரிடம் இருத்தல் வேண்டும்.