கிரேட்டா நிசெனின் உச்சரிப்பு யாருக்கு உறுத்தியது?

ஊமைப்படம் பேசும்படமாக மாறிய காலத்தைப் பற்றிய எழுத்துகளில், நார்வே நடிகை கிரேட்டா நிசெனுக்கு (1906–1988) பெரும்பாலும் ஒரு வரிதான் ஒதுக்கப்படுகிறது: ஹோவர்ட் ஹியூசின் 'ஹெல்ஸ் ஏஞ்சல்ஸ்' படத்தில் முதலில் நாயகியாக நடித்தவர், படம் பேசும்படமாக மாற்றப்பட்டபோது நார்வேஜிய உச்சரிப்பின் காரணமாக நீக்கப்பட்டவர், அவரது இடத்தில் ஜீன் ஹார்லோ வந்தார். செய்தியில் பிழையில்லை. 'ஒலி வந்தது, அவரது வாழ்க்கை முடிந்தது' என்று அதிலிருந்து பெறப்படும் முடிவே பிழையானது.

ஆஸ்லோவில் பிறந்து பாலே பயின்ற நிசென், 1924-இல் பிராட்வேயில் 'பெகர் ஆன் ஹார்ஸ்பேக்' நாடகத்தின் வசனமற்ற அபிநயப் பகுதியில் தோன்றிக் கவனம் பெற்றார். அடுத்த ஆண்டே ஹாலிவுட் திரைக்கு வந்தார். 1928-இல் ஹோவர்ட் ஹாக்ஸின் 'ஃபாசில்' படத்தில் நாயகி. 'ஹெல்ஸ் ஏஞ்சல்ஸ்' 1927-இல் ஊமைப்படமாகத் தொடங்கி 1930-இல் ஒலியுடன் வெளிவந்தது.

கவனிக்க வேண்டியது இதுதான். ஹெலன் என்னும் அப்பாத்திரம் ஓர் ஆங்கிலேயப் பெண். ஹார்லோ பிறந்ததோ கேன்சஸ் சிட்டியில். ஆக்ஸ்ஃபோர்டு மாணவர்களாக வரும் சகோதரர்களாக நடித்த பென் லயன், ஜேம்ஸ் ஹால் இருவரும் அமெரிக்கர்கள். பாத்திரத்துக்கு ஏற்ற பேச்சு என்பதே அளவுகோலாக இருந்திருப்பின் மூவரையும் மாற்றியிருக்க வேண்டும். மாற்றவில்லை. மொழியியலார் 'குறியற்ற வடிவம்' என்று கூறுவது இதையே: அமெரிக்கச் செவிக்கு அமெரிக்க உச்சரிப்பு உச்சரிப்பாகவே கேட்பதில்லை. நார்வேஜியமோ சொல்லுக்குச் சுரம் உள்ள மொழி. 'உழவர்கள்', 'அவரைகள்' ஆகிய பொருள்களைத் தரும் சொற்கள் கிழக்கு நார்வேயில் சுர வேறுபாட்டால் மட்டுமே பிரித்தறியப்படுகின்றன. அந்த ஏற்ற இறக்கம் ஆங்கிலத்திலும் ஒட்டிக்கொள்ளும்போது, அதை 'அந்நியம்' என்று கேட்பது செவியின் பழக்கம்.

அதே 1930-இல் 'அன்னா கிறிஸ்டி' படத்தில் சுவீடன்காரியான கிரேட்டா கார்போவின் குரலையே விளம்பரமாக்கினர். அங்கே கதாநாயகி சுவீடன் மாலுமியின் மகள். உச்சரிப்பு உள்ளே அனுமதிக்கப்பட்ட வாசல் அது.

நிசெனுக்கும் அவ்வாசல் திறந்தே இருந்தது, ஆனால் குறுகலாக. 1931-இல் 'டிரான்ஸ்அட்லான்டிக்', 'விமன் ஆஃப் ஆல் நேஷன்ஸ்', 1933-இல் 'தி சர்க்கஸ் குயீன் மர்டர்' எனப் பேசும்படங்கள் தொடர்ந்தன. முதலாவதில் சிக்ரிட் என்னும் நடனக்காரி, கடைசியில் ஜோசி லா தூர் என்னும் சர்க்கஸ் ஊஞ்சற்கலைஞர். பெயர்களே கதை சொல்கின்றன. பின்னர் பிரிட்டனுக்குச் சென்று 1937-இன் 'கஃபே கொலெட்' வரை நடித்தார். ஒலி அவரை ஊமையாக்கவில்லை. எந்தப் பெண்ணாக அவர் பேசலாம் என்பதை மட்டும் வரையறுத்தது. ஆங்கிலேயப் பெண்ணாக ஓர் அமெரிக்கர் பேசலாம், ஒரு நார்வேஜியர் பேசலாகாது என்ற அந்த விதியை, திரைப்பட வரலாற்றாசிரியர்கள் இன்றும் 'தொழில்நுட்ப மாற்றம்' என்ற பெயரில் எழுதிவருகின்றனர்.