வடசென்னையும் மின்சார வண்டியும்

தென்னாட்டில் முதன்முதல் பயணிகள் புகைவண்டி புறப்பட்ட இடம் இராயபுரம் என்பதை நம்மிற் பலர் அறிவர். 1856-ஆம் ஆண்டு ஜூன் 28-ஆம் நாள் கவர்னர் ஹாரிஸ் பிரபு அந்நிலையத்தைத் திறந்துவைத்தார். ஜூலை முதல் நாள் தொட்டு ஆற்காட்டுக்கு அருகிலுள்ள வாலாஜா வரை, ஏறத்தாழ 63 மைல் தூரம், பொதுமக்கள் அதிற் பிரயாணஞ் செய்தனர். 1853-ல் பம்பாயிலும் 1854-ல் ஹௌராவிலும் வண்டிகள் ஓடத் தொடங்கினவாயினும், அக்காலத்து நிலையக் கட்டடங்கள் அவ்வூர்களில் இன்று இல்லை. இராயபுரத்துத் தூண்களோ இன்றும் நிற்கின்றன. அக்கட்டடம் 2005-ல் செப்பனிடவும் பெற்றது. இப்பெருமை மெய்ப்பெருமையே. ஆயினும், பழம்பெருமை பேசி அமைவது அப்பகுதி மக்களுக்குப் போதுமா என்பதே ஈண்டு ஆராயத்தக்கது.

1873-ல் சென்னை சென்ட்ரல் நிலையம் எழுந்தபின், இராயபுரத்தின் முதன்மை படிப்படியாகக் குறைந்தது. நகரின் தென்பால், கடற்கரை நிலையத்திலிருந்து தாம்பரம் வரை 1931-லேயே மின்சார வண்டி ஓடிற்று. வடபால், கும்மிடிப்பூண்டி வழிக்கு அவ்வசதி 1979-ல்தான் வாய்த்தது. இடைப்பட்ட ஆண்டுகள் 48. முன்னே பிறந்த பிள்ளைக்குப் பின்னே சோறிட்ட கதையாயிற்று!

இவ்வழியை நம்பி வாழ்வோர் யாவர்? திருவொற்றியூர், எண்ணூர்ப் பகுதிகளின் ஆலைத் தொழிலாளர். முகத்துவாரக்குப்பம் முதலிய கரையூர்களிலிருந்து மீன்கூடையோடு சந்தைக்குச் செல்லும் பெண்டிர். பொன்னேரி, மீஞ்சூர்ப் பக்கத்து மாணவர். இவர்களிற் பெரும்பாலார்க்கு இவ்வண்டியே எளிய விலையிற் கிட்டும் ஊர்தி. 2021-ல் மெட்ரோ இரயில் விம்கோ நகர் வரை நீண்டது நன்றே. எனினும் எண்ணூரார்க்கும் அதற்கப்பாலுள்ளார்க்கும் பழைய பாதையே கதி. வண்டி காலந்தாழ்ப்பின் தொழிலாளி கூலியிழப்பான், மீன் விலையிழக்கும், மாணவன் முதற்பாடம் இழப்பான்.

தாமதத்திற்குக் காரணம் வெளிப்படை. கொல்கத்தா, புதுதில்லி நோக்கிச் செல்லும் நெடுந்தூர வண்டிகளும், துறைமுகத்துச் சரக்கு வண்டிகளும், அனல்மின் நிலையங்கட்கு நிலக்கரி ஏற்றிச் செல்லும் வண்டிகளும் இவ்வழியையே நாடுகின்றன. விரைவு வண்டி வருங்கால் உள்ளூர் வண்டி ஒதுங்கி நிற்கின்றது. தாம்பரம் வழியிற் புறநகர் வண்டிகட்கென்று தனிப்பாதை உண்டு. ஈண்டோ கும்மிடிப்பூண்டி வரையும் அத்தகைய தனிப்பாதை முற்ற அமையவில்லை.

"நாட்டுக்குப் பொருளீட்டித் தருவது சரக்கு, ஆதலின் அதற்கே முதலிடம்" என்பர் சிலர். அச்சரக்கை ஏற்றி இறக்குவோரும், அந்நிலக்கரியின் புகையையும் சாம்பலையும் தாங்குவோரும் யார்? இவ்வட்டாரத்து மக்களே யல்லரோ? சுமையைத் தாங்குவோர்க்கு வழியை மறுத்தல் நீதியாகாது. ஆகவே, முழுத்தூரமும் புறநகர் வண்டிகட்குத் தனிப்பாதை, காலை மாலைகளில் மிகுதியான வண்டிகள், தண்டவாளத்தைக் கடப்போர் உயிர்காக்கும் மேம்பாலங்கள் ஆகிய இம்மூன்றும் இவ்வட்டாரத்தார்க்கு உரியன. இவற்றைக் கேட்பது இரத்தலன்று, உரிமை கோருதலே.

நிற்க, மாணவ நண்பர்காள்! நமக்கும் ஒரு கடமை உண்டு. பெட்டி வாயிலில் தொங்குவதும், கல்லூரிப் பெயரால் கட்சி கட்டி வண்டியிற் கைகலப்பதும், ஆயுதம் ஏந்துவதும் இவ்வழிக்கு அழியாப் பழி தேடித் தந்துள்ளன. மீன்கூடையோடு வரும் மூதாட்டி நம்மைக் கண்டு அஞ்சி ஒதுங்குவாளாயின், அவள் பொருட்டு நாம் எழுதும் விண்ணப்பத்தை யார் மதிப்பர்? முதியோர்க்கு இடம் விடுவோம், பயணச்சீட்டின்றி ஏறோம், சண்டை கண்டவிடத்து விலக்குவோம். அங்ஙனம் நம் கை தூயதாகும்போது, இரயில்வே அதிகாரிகளிடம் நாம் கேட்கும் குரலும் வலியதாகும். இராயபுரத்துத் தூண்களுக்கு வெள்ளையடிப்பதினும், எண்ணூர்த் தொழிலாளி உரிய நேரத்தில் ஆலை சேர்வதே 1856-ன் நினைவுக்கு நாம் செய்யும் மெய்யான சிறப்பாகும்.