முதலில் விதி, பிறகு தேர்வு: ஆசிரியர் நியமன, மாறுதல் நீதிக்கான கொள்கைப் பிரகடனம்

ஆசிரியர் தகுதித்தேர்வில் தேறிக் காத்திருப்பவர்கள், பணியில் இருக்கும் ஆசிரியர்கள், பிள்ளைகளை அரசுப் பள்ளிக்கு அனுப்பும் பெற்றோர் எல்லாரும் சேர்ந்து எழுதிய அறிக்கை இது. நீதிமன்றத்தில் நாங்கள் எதிரெதிர்த் தரப்பினர். எங்களில் ஒருவர் வாங்கிய தடையாணை இன்னொருவரின் பணி நியமனத்தை முடக்கியிருக்கிறது. இந்த இயக்கம் பிறந்ததே அதனால்தான்.

2012 ஜூலையில் தமிழ்நாட்டின் முதல் தகுதித்தேர்வு நடந்தது. நூற்றுக்கு ஒருவர்கூடத் தேறவில்லை. ஒன்றரை மணி நேரத் தேர்வு அக்டோபர் மறுதேர்வில் மூன்று மணி நேரமானது. 2013 ஆகஸ்டில் அடுத்த தேர்வு. 150க்கு 90 எடுத்தால் தேர்ச்சி என்று சொல்லித்தான் எழுத வைத்தார்கள். முடிவு வெளியானபின், 2014 பிப்ரவரியில், இட ஒதுக்கீட்டுப் பிரிவினருக்கு 82 போதும் என்றது அரசாணை 25. சலுகை நியாயமானது, தேர்வுக்கு முன்பே தந்திருக்க வேண்டும். மே மாதம் அரசாணை 71 வெயிட்டேஜ் கணக்கையும் மாற்றியது. பட்டதாரி ஆசிரியருக்குத் தகுதித்தேர்வு 60, மீதி 40 பிளஸ் டூ, பட்டம், பி.எட். மதிப்பெண்களுக்கு. பிளஸ் டூவில் மதிப்பெண்ணை அள்ளிக் கொடுக்காத காலத்தில் படித்த மூத்தவர்கள் அங்கேயே பின்தங்கினார்கள். சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை அரசாணை 25ஐ ரத்து செய்தது. 2016 நவம்பரில் உச்ச நீதிமன்றம் அரசு செய்தது செல்லும் என்றது. 2018இல் அரசே வெயிட்டேஜைக் கைவிட்டு, நியமனத்துக்குத் தனிப் போட்டித்தேர்வு என அரசாணை 149 போட்டது. வழக்கில் வென்றவரும் தோற்றவரும் மறுபடி தேர்வறைக்கே போனார்கள்.

பணியில் சேர்ந்தவருக்கும் நிம்மதி இல்லை. ஊராட்சி ஒன்றிய அளவில் இருந்த தொடக்கக் கல்வி ஆசிரியர் முன்னுரிமையை, 2023 டிசம்பரில் அரசாணை 243 மாநில அளவுக்கு மாற்றியது. ஒன்றியப் பட்டியலில் தன் முறை வரும் என்று காத்திருந்தவர் எங்கோ பின்னால் போய் நின்றார். 2025 செப்டம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றம், தகுதித்தேர்வு இல்லாமல் பணியில் இருப்பவர்களில் ஓய்வுக்கு ஐந்தாண்டுக்கு மேல் உள்ளவர்கள் இரண்டாண்டுக்குள் தகுதித்தேர்வில் தேற வேண்டும் என்றது. இதில் எங்களுக்குள் ஒத்த கருத்து இல்லை என்பதை ஒளிக்காமல் சொல்கிறோம். தேர்வே இல்லாத காலத்தில், அன்றைய விதிப்படி சேர்ந்தவரைச் சட்டத்திருத்தம் காக்க வேண்டும் என்பதே பெரும்பான்மை முடிவு.

எங்கள் கொள்கை ஒன்றுதான். அறிவிப்பு வெளியான நாளில் எந்த விதி இருந்ததோ, பணி ஆணை வரை அதுவே இருக்க வேண்டும். தேர்வு நடைமுறை தொடங்கியபின், விதிகள் இடம் தராதவரை, தகுதி அளவுகோலை மாற்றக் கூடாது என்று உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வே 2024 நவம்பரில் சொல்லிவிட்டது. மாறுதலுக்கும் அதே நெறிதான். கலந்தாய்வுக்கு முன் எல்லாக் காலிப்பணியிடங்களும் முன்னுரிமைப் பட்டியலும் வெளிவர வேண்டும். ஆட்சேபத்துக்கு அவகாசம் வேண்டும். கலந்தாய்வுத் திரையில் காட்டாத இடத்தைப் பிறகு 'நிர்வாக மாறுதல்' என்று ஒருவருக்குக் கொடுப்பது திருட்டு. வேறு சொல் எங்களிடம் இல்லை.

எங்களுக்கும் கட்டுப்பாடு உண்டு. பரிந்துரைக் கடிதத்தோடு மாறுதல் வாங்குபவர் இங்கே உறுப்பினராக முடியாது. தனி ஒருவரின் குறைக்காக மாவட்டக் கலந்தாய்வு முழுவதையும் நிறுத்தும் தடை கேட்க மாட்டோம். அவர் கோரும் ஓர் இடத்தை மட்டும் நிறுத்திவைக்கக் கேட்போம். ஈராசிரியர் பள்ளியில் ஒரு பணியிடம் வழக்கில் சிக்கினால், ஐந்து வகுப்புக்கும் ஒரே ஆசிரியர்தான். வாய்தா தள்ளிப்போகும், மூன்றாம் வகுப்புப் பிள்ளை அதற்குள் ஐந்தாம் வகுப்பை முடித்துவிடும். அந்தப் பிள்ளைக்கு எந்த வழக்கிலும் வக்கீல் இல்லை.

இணைய விரும்புவோர் சந்தா கட்ட வேண்டாம். தகவல் அறியும் உரிமைச் சட்டப்படி மனுப் போட்டு, உங்கள் ஒன்றியத்தில் எந்தப் பள்ளியில் எத்தனை ஆசிரியர் பணியிடம், எந்தத் தேதியிலிருந்து காலி என்ற பட்டியலை எழுத்தில் வாங்கி வாருங்கள்.