தேயிலையில் இருக்கும் ‘தே’ எந்த ஊர்? சுவான்சோவில் ஒரு நாள் நடை!

போடிமெட்டு செக்போஸ்ட்டுக்கு இந்தப் பக்கம் ‘டீ’. அந்தப் பக்கம் இறங்கிப் பூப்பாறை போனால் ‘சாயா’. பால், தூள், சர்க்கரை எல்லாம் ஒன்றுதான். பெயர் மட்டும் ஒரு கொண்டை ஊசி வளைவில் மாறிவிடுகிறது. ஏன்?

விடை சீனாவில் இருக்கிறது. தேயிலைக்கு அங்கே எழுத்து ஒன்றுதான், உச்சரிப்புதான் வேறு. மாண்டரினில் ‘ச்சா’. தென்கிழக்குக் கடற்கரையில் இருக்கும் ஃபூஜியன் மாகாணத்தின் ஹொக்கியன் பேச்சில் ‘தே’. தரை வழியாகப் போன சரக்கு, ‘ச்சா’வைச் சுமந்துகொண்டு போனது. பாரசீகம், துருக்கி, ரஷ்யா, வட இந்தியா எல்லாம் ‘சாய்’ ஆனது அப்படித்தான். ஃபூஜியன் துறைமுகங்களில் டச்சுக்காரர்களின் கப்பல் ஏறிய சரக்கு, ‘தே’வைக் கொண்டுபோனது. ஆங்கிலத்தின் ‘டீ’, மலாயின் ‘தே’, நம் தேயிலை, தேநீர் எல்லாம் இந்தக் கடல் குடும்பம். சாயா குடிக்கும் மலையாளிகளும் இலையை மட்டும் ‘தேயில’ என்றுதான் சொல்வார்கள்!

வாரம் ஓர் ஊரை நடந்தே சுற்றும் நம் தொடரில், இந்த வாரம் அந்த ‘தே’ பேசும் ஃபூஜியன் கரைக்குப் போகிறோம். ஊர்: சுவான்சோ. தமிழர்கள் சிவன் கோயில் கட்டிய சீன நகரம் இது. போனில் மேப்பை விரித்து வைத்துக்கொள்ளுங்கள், நடப்போம்.

குவாங்சோ இல்லைங்க, சுவான்சோ!

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடலாம். நம் வியாபாரிகள் பொருட்காட்சிக்குப் போய்வரும் ஊர் குவாங்சோ. அது வேறு. சுவான்சோவுக்குப் பக்கத்துப் பெரிய நகரம் ஷியாமென். அங்கிருந்து அதிவேக ரயிலில் ஒரு மணி நேரத்துக்குள் வந்துவிடலாம்.

மார்க்கோ போலோவும் அரபு வணிகர்களும் இந்த ஊரை ‘ஜைத்தூன்’ என்று அழைத்தார்கள். நகரைச் சுற்றி நட்டிருந்த ‘சீதோங்’ என்ற மரத்தின் பெயர்தான் அப்படித் திரிந்தது என்பார்கள். அது என்ன மரம் தெரியுமா? நம் கல்யாண முருங்கை! மலைத்தோட்டங்களில் மிளகுக்கொடி ஏற்றிவிட நடுவோமே, அதே முள்முருங்கை.

மிளகுக்கும் இந்த ஊருக்கும் ஆழமான உறவு உண்டு. அலெக்சாந்திரியாவுக்கு ஒரு கப்பல் மிளகு போனால் ஜைத்தூனுக்கு நூறு கப்பல் வருகிறது என்று வியந்து எழுதியவர் மார்க்கோ போலோ. கொஞ்சம் மிகைப்படுத்தியிருக்கலாம். ஆனால், துறைமுகத்தின் பெருமை பொய்யில்லை. சுவான்சோவின் 22 இடங்களைச் சேர்த்து 2021-ல் உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது யுனெஸ்கோ.

மேற்குத் தெரு: புத்தர் கோயிலில் நரசிம்மர்

நடையை ‘ஷீ ஜியே’ என்கிற மேற்குத் தெருவில் தொடங்குவோம். பழைய ஓட்டு வீடுகள், பலகாரக் கடைகள், நடக்க இடமில்லாத அளவுக்குக் கூட்டம். கொண்டையைச் சுற்றி வட்ட வட்டமாகப் பூச்சரம் வைத்த பெண்களை நிறையப் பார்க்கலாம். இது பக்கத்து மீனவக் கிராமமான ஷுன்பூ பெண்களின் வழக்கம். இப்போது சுற்றுலா வருபவர்களும் அதே மாதிரி தலை அலங்காரம் செய்துகொண்டு போட்டோ எடுத்துக்கொள்கிறார்கள். மல்லிகைப்பூ இல்லாமல் விசேஷத்துக்குக் கிளம்பாத நம் அம்மாக்களுக்கு இந்தத் தெரு உடனே பிடித்துப்போகும்.

தெருவிலேயே இருக்கிறது கைய்யுவான் கோயில். 686-ல் தொடங்கிய புத்தர் கோயில். இரண்டு பக்கமும் 13-ஆம் நூற்றாண்டுக் கற்கோபுரங்கள். கிழக்குக் கோபுரத்தின் உயரம் சுமார் 48 மீட்டர். மேற்குக் கோபுரத்தில் வாளேந்திய குரங்கு முகச் சிற்பம் ஒன்று உண்டு. அதில் அனுமனின் சாயல் தெரிகிறது என்று சொல்லும் ஆய்வாளர்கள் இருக்கிறார்கள்.

பிரதான மண்டபத்தின் பின்பக்கம் போனால் ஆச்சரியம் காத்திருக்கிறது. இரண்டு கல்தூண்களில் நரசிம்மர், கண்ணனின் லீலைகள், கஜேந்திர மோட்சம்! மண்டபத்தின் முன்மேடையைச் சுற்றி மனித முகமும் சிங்க உடலுமாக எழுபதுக்கும் மேற்பட்ட சிற்பப் பலகைகள். ஊரில் இருந்த இந்துக் கோயில் இடிந்த பிறகு, மிங் அரசர்கள் காலத்துத் திருப்பணியில் அந்தக் கற்களை எடுத்து இங்கே பதித்துவிட்டார்கள். நரசிம்மர் இன்றைக்கும் புத்தர் மண்டபத்தின் கூரையைத் தாங்கிக்கொண்டு நிற்கிறார்.

அதே வளாகத்தில் ஒரு பழைய கப்பலையும் காட்சிக்கு வைத்திருக்கிறார்கள். 13-ஆம் நூற்றாண்டில் மூழ்கி, 1974-ல் சுவான்சோ விரிகுடாவின் சேற்றிலிருந்து எடுக்கப்பட்டது. உள்ளே வாசனைக் கட்டைகளோடு மிளகும் பாக்கும் இருந்தன.

1281, சித்திரை: கல்லில் தமிழ்

அந்த இந்துக் கோயிலைக் கட்டியது யார்? 1956-ல் இந்த ஊரில் கிடைத்த ஒரு கல் பதில் சொன்னது. தமிழ் எழுத்து, கடைசியில் ஒரு வரி சீனம். சக ஆண்டு 1203, சித்திரை மாதம், அதாவது கி.பி. 1281 ஏப்ரல். சம்பந்தப் பெருமாள் என்பவர், செகசை கானின் உடல்நலத்துக்காக, அவருடைய அனுமதியோடு ‘திருக்கதலீஸ்வரம்’ உடைய நாயனாரை எழுந்தருளச் செய்தார் என்பது செய்தி. செகசை கான் என்பது அப்போது சீனாவை ஆண்ட மங்கோலியப் பேரரசர் குப்ளாய் கான் என்கிறார்கள் ஆய்வாளர்கள்.

கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். மதுரையில் மாறவர்மன் குலசேகர பாண்டியன் ஆண்ட காலம் அது. அந்த நேரத்தில் ஒரு தமிழர் சீனத் துறைமுகத்தில், மங்கோலிய அரசர் நலமாக இருக்க வேண்டும் என்று சிவன் கோயிலில் தமிழில் கல்வெட்டு வெட்டுகிறார். அதற்கு அந்த ஊரில் அனுமதியும் இடமும் கிடைத்திருக்கிறது.

நேரம் இருந்தால் ஒரு டாக்ஸி பிடித்துக் கடல்சார் அருங்காட்சியகம் போகலாம். லிங்கத்தை யானை வழிபடும் சிற்பத்தைப் பார்த்தால் உங்களுக்குத் திருவானைக்காவல் ஞாபகம் வரும். ஊருக்கு வெளியே செதியான் என்ற கிராமத்தில், நம் ஊர்ச் சாயலில் நான்கு கைகளோடு இருக்கும் பழைய சிலை ஒன்றை, கருணைத் தெய்வமான குவான்யின் என்று மக்கள் இன்றும் ஊதுபத்தி ஏற்றிக் கும்பிடுகிறார்கள். இந்தக் குவான்யின் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், டீயில் மறுபடி வருவார்.

ஒரே தெருவில் எல்லாச் சாமியும்

மேற்குத் தெருவின் முடிவில் மணிக்கூண்டு. அங்கிருந்து தெற்கே திரும்பினால் சோங்ஷான் சாலை. இரண்டு பக்கமும் கடை வாசல்களை இணைக்கும் தூண் வராந்தா இருப்பதால் வெயிலோ மழையோ குடை தேவையில்லை. அப்படியே நடந்து கிழக்கே தூமன் தெருவுக்குள் திரும்புவோம்.

இங்கே 1009-ல் கட்டிய சிங்ஜிங் பள்ளிவாசல் கற்சுவரோடு நிற்கிறது. அதற்குப் பக்கத்திலேயே வீரர் குவான் யூவின் கோயில், புகை ஓயாத கூட்டம். கொஞ்ச தூரத்தில் கன்ஃபூசியஸ் கோயில். இன்னும் தெற்கே போனால் கடலோடிகளைக் காக்கும் மாஜூ தெய்வத்தின் கோயில். எல்லாமே நடக்கும் தூரம்.

கால் வலிக்கிறதா? டீ நேரம்!

குங்ஃபூ போடும் டீ

சுவான்சோவின் நிர்வாகத்துக்குள் வருகிறது அன்ஷி என்ற மலைப்பகுதி. ‘தியே குவான்யின்’ தேயிலை அங்கே விளைகிறது. பெயரின் பொருள் ‘இரும்புக் குவான்யின்’. கருணைத் தெய்வம் டீயில் வந்துவிட்டார் பாருங்கள்! இது பச்சைத் தேயிலைக்கும் நம் கறுப்புத் தேயிலைக்கும் நடுவில் நிற்கும் ஊலாங் வகை. 2022-ல் யுனெஸ்கோ, சீனத் தேயிலைத் தயாரிப்பையும் அதைச் சுற்றிய பழக்கங்களையும் மனிதகுலத்தின் மரபுச் செல்வமாக அறிவித்தபோது இதுவும் அதில் இடம்பிடித்தது.

இந்த டீயைக் கொடுக்கும் முறைக்குப் பெயர் ‘கோங்ஃபூ’. புரூஸ் லீ படத்தில் பார்த்த அதே குங்ஃபூதான். பொறுமையாகப் பழகி வரும் திறமை என்று பொருள். கடைகளில், வீடுகளில் ஒரு தட்டு மேசை எப்போதும் தயாராக இருக்கும். உட்கார்ந்தால் இப்படித்தான் நடக்கும்:

1. மூடி போட்ட சிறு கிண்ணம், கோப்பைகள் எல்லாவற்றிலும் கொதிநீர் ஊற்றிச் சூடேற்றுவார்கள். கோப்பை இருமல் மருந்து மூடியைவிடக் கொஞ்சம் பெரிது, அவ்வளவுதான்.

2. சுமார் 100 மில்லி கிண்ணத்துக்கு 7 கிராம் இலை. நம் கணக்கில் ரொம்ப அதிகம். சூடான கிண்ணத்தில் இலையைப் போட்டு மூடி, திறந்து, வாசனை பார்க்கக் கொடுப்பார்கள்.

3. முதல் தண்ணீர் குடிக்க இல்லை. இலையை நனைத்து உடனே வடித்துவிடுவார்கள்.

4. அடுத்த தண்ணீர் பத்துப் பதினைந்து விநாடிதான். வடித்துப் பரிமாறிவிட்டு அதே இலையில் மறுபடி தண்ணீர். ஆறேழு சுற்று தாங்கும். ஒவ்வொரு சுற்றிலும் ருசி மாறும்.

5. கோப்பையில் பத்துக்கு ஏழு பங்குதான் ஊற்றுவார்கள். ததும்ப ஊற்றினால் ‘சீக்கிரம் கிளம்பு’ என்று அர்த்தமாம்! வாங்கிக்கொள்பவர் விரல்களால் மேசையில் மெதுவாகத் தட்டினால் அது நன்றி.

இதில் எனக்கு மிகவும் பிடித்தது ஊற்றும் விதம். ஒரு கோப்பையை நிரப்பிவிட்டு அடுத்ததற்குப் போவதில்லை. கோப்பைகளை ஒட்டி வைத்து, மேலே வட்டமாகச் சுற்றிச் சுற்றி எல்லாவற்றிலும் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றுகிறார்கள். இதற்கு ‘குவான் யூ நகர்வலம்’ என்று பெயர். தூமன் தெருவில் பார்த்தோமே, அதே வீரர்தான். கடைசிச் சொட்டுகளில்தான் சாரம் அதிகம். அதையும் ஒவ்வொரு கோப்பைக்கும் ஒரு சொட்டாகப் பிரிக்கிறார்கள். அதற்குப் பெயர் ‘ஹான் ஷின் படையை எண்ணுகிறார்’. அவர் பழங்காலத் தளபதி.

எதற்கு இவ்வளவு பாடு? முதல் கோப்பை வெளுப்பாகவும் கடைசிக் கோப்பை கடுப்பாகவும் போய்விடக் கூடாது. முதலாளி, விருந்தாளி, வழியில் போனவர் யாராக இருந்தாலும் ஒரே நிறம், ஒரே ருசி.

நம் கிளாஸைப் பற்றியும் பேசலாமா?

இதை எழுதும்போது நம் ஊர் டீக்கடைகளை நினைக்காமல் இருக்க முடியவில்லை. டீயை ஆற்றும் அழகில் நம் மாஸ்டர்களை அடித்துக்கொள்ள ஆள் இல்லை. ஆனால், அதே டீயை ஒரு சாதிக்கு ஒரு கிளாஸிலும் இன்னொரு சாதிக்கு வேறு கிளாஸிலும் கொடுத்த ‘இரட்டைக் குவளை’யும் நம் தென்மாவட்டக் கிராமங்களில்தான் இருந்தது. பொது உணவகத்தில் பாத்திரம் பயன்படுத்துவதில் தீண்டாமை பார்ப்பது குற்றம் என்று சட்டம் சொன்னது 1955-ல். அதற்குப் பல பத்தாண்டுகள் கழித்தும் இரட்டைக் குவளைக்கு எதிராகப் போராட வேண்டியிருந்தது. சில ஊர்களில் ஒரு தரப்புக்குக் கண்ணாடி கிளாஸ், இன்னொரு தரப்புக்கு பேப்பர் கப் என்று வேஷம் மாறியதாகவும் செய்திகள் வந்தன.

இது எங்கோ நடந்த கதை என்று ஒதுக்க எங்களுக்கு உரிமை இல்லை. ஏனென்றால், தேயிலை இந்தப் பக்கத்து மண்ணின் உழைப்பு. ஒரு காலத்தில் மூணாறு டீ, டாப் ஸ்டேஷன் வரை ரயிலில் வந்து, ரோப்வேயில் கோட்டகுடிக்கு இறங்கி, வண்டியில் போடிக்கு வந்துதான் வெளியுலகம் பார்த்தது. அந்த மலை ரயிலை 1924 வெள்ளம் அழித்தது. இன்றைக்கும் தேவாரம், போடியிலிருந்து விடியுமுன்னே ஜீப் ஏறி ஏலக்காட்டு வேலைக்குப் போகிறார்கள் எங்கள் அக்காக்கள். இலை பறித்தவருக்கும் காய் எடுத்தவருக்கும் கடைசியில் எந்தக் கிளாஸ் நீட்டப்படுகிறது என்பது சின்ன விஷயம் இல்லை.

வெளியூரிலிருந்து வந்தவருக்குக் கோயில் கட்டிக்கொள்ள இடம் கொடுத்தது அந்தத் துறைமுகம். 14-ஆம் நூற்றாண்டுக் கலவரத்தில் வெளிநாட்டு வணிகர்கள் சிதறிப்போனதும் அதே ஊரில்தான். எந்த ஊரும் எப்போதும் நல்ல ஊராகவே இருப்பதில்லை. பழக்கத்தைக் கைவிடாமல் பார்த்துக்கொள்ள வேண்டியிருக்கிறது, டீயைச் சுற்றிச் சுற்றி ஊற்றுவது மாதிரி.

வீட்டில் செய்து பார்க்க...

சீனா போக விசா வேண்டும். அங்கே கூகுள் மேப்பை நம்ப முடியாது, பணம் கொடுப்பதும் பெரும்பாலும் போனில் அவர்களுடைய ஆப் வழியாகத்தான். அதையெல்லாம் போகும்போது பார்த்துக்கொள்ளலாம். டீயை இந்த ஞாயிற்றுக்கிழமையே போட்டுவிடலாம்.

கடையில் வாங்கும் டஸ்ட் டீ இதற்கு ஒத்துவராது. ஒரே கொதியில் எல்லாச் சாரத்தையும் விட்டுவிடும். முழு இலையைச் சுருட்டிச் செய்யும் ‘ஆர்த்தடாக்ஸ்’ ரகம் கேட்டு வாங்குங்கள். நம் போடி தாலுகாவில், 7,000 அடிக்கு மேலே இருக்கும் கொழுக்குமலையில் செய்வது இந்த ரகம்தான். ஊலாங் அளவுக்கு ஆறேழு சுற்று வராது, இரண்டு மூன்று சுற்று நன்றாக வரும். பால், சர்க்கரை வேண்டாம்.

மூடி போட்ட சின்ன எவர்சில்வர் சொம்பு போதும். வீட்டில் எத்தனை பேரோ அத்தனை சின்ன டம்ளர்களை ஒட்டி வையுங்கள். வீட்டு வேலைக்கு வரும் அக்கா இருந்தால் அவருடையதையும் அதே வரிசையில், அதே மாதிரி டம்ளராக வையுங்கள். கொதிநீர் ஊற்றி, மெதுவாகப் பத்து எண்ணி, எல்லாவற்றின் மேலும் சுற்றிச் சுற்றி ஊற்றுங்கள். கடைசிச் சொட்டையும் பிரியுங்கள்.

பிறகு, குடிப்பதற்கு முன்பு ஒருமுறை மேலே இருந்து பாருங்கள். எல்லா டம்ளரிலும் ஒரே நிறம் தெரிந்தால், உங்களுக்குக் குங்ஃபூ வந்துவிட்டது!