மேதையின் மறுபக்கம்

தலைமைச் செயலகம், சட்டப்பேரவை, உயர் நீதிமன்றம் ஆகியவை அமைந்த சண்டீகர் வளாகத்தை 2016-ஆம் ஆண்டு யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. கட்டடக் கலைஞர் லே கார்பூசியே ஏழு நாடுகளில் உருவாக்கிய 17 படைப்புகளுக்கு ஒருசேரக் கிடைத்த அங்கீகாரம் அது. அதற்கு முந்தைய ஆண்டுதான், அவர் மறைந்து அரை நூற்றாண்டு நிறைவடைந்த வேளையில், பிரான்ஸில் வெளிவந்த நூல்கள் அவரது மறுபக்கத்தை அம்பலப்படுத்தியிருந்தன.

பாசிஸ ஆதரவாளர்களுடன் நெருக்கம், யூதர்களை இழிவுபடுத்தும் கடிதங்கள், ஹிட்லர் ஐரோப்பாவைச் சீரமைக்கக்கூடும் என்று 1940-இல் தாயாருக்கு எழுதிய நம்பிக்கை எனப் பட்டியல் நீள்கிறது. பிரான்ஸ் வீழ்ந்த பிறகு ஜெர்மனிக்கு இணங்கி நடந்த விஷி அரசிடம் ஏறத்தாழ ஒன்றரை ஆண்டுகள் பணி வேண்டிக் காத்திருந்தார். அல்ஜியர்ஸ் நகருக்கு அவர் தீட்டிய திட்டம் 1942-இல் நிராகரிக்கப்பட, வெறுங்கையுடன் பாரீஸ் திரும்பினார். கொள்கைப் பற்றா, பணியாசையா என்பதில் ஆய்வாளர்களிடையே ஒருமித்த கருத்து இல்லை. யூதர்களுக்கு எதிராகச் சட்டமியற்றிய அரசிடம்தான் கைநீட்டுகிறோம் என்பது அவருக்குத் தெரியாததல்ல.

பிரிவினையில் லாகூரை இழந்த பஞ்சாபின் புதிய தலைநகருக்கு முதலில் திட்டம் வகுத்தவர் அமெரிக்கரான ஆல்பர்ட் மேயர். அவருடன் பணியாற்றிய மாத்யூ நொவிக்கி 1950-இல் விமான விபத்தில் மாண்டதால்தான் கார்பூசியேவுக்கு வாய்ப்பு வந்தது. எதேச்சாதிகாரிகளிடம் கேட்டும் கிடைக்காத நகரத்தை நேருவின் குடியரசு கொடுத்தது!

இங்கே இன்னொருவரையும் மறக்கலாகாது. கார்பூசியேவின் உறவினரும் தொழில் கூட்டாளியுமான பியர் ஜென்னரே, போர்க்காலத்தில் நாஜி எதிர்ப்பியக்கத்தின் பக்கம் நின்றவர். கார்பூசியே வந்துபோய்க்கொண்டிருக்க, 1965 வரை சண்டீகரிலேயே தங்கி நகரை எழுப்பியவர் அவர். அவரது அஸ்தி சுக்னா ஏரியில் கரைக்கப்பட்டது.

கார்பூசியேவின் நினைவுக்கு அரசு அளிக்கும் ஆதரவை விலக்க வேண்டும் என 2019-இல் பிரெஞ்சு அறிவுலகில் சிலர் கோரினர். இந்தியாவில் அது தேவையில்லை. கட்டடங்கள் குற்றவாளிகள் அல்ல. ஆனால், சண்டீகரின் முதல் கட்டப் பகுதியில் குடியிருப்பு மனைகளைத் தளம்தளமாகப் பிரித்து விற்பதற்கு, நகரின் பாரம்பரியத் தன்மையைச் சுட்டிக்காட்டி உச்ச நீதிமன்றம் 2023-இல் தடை விதித்தது. அவரது வரைபடம் இன்றும் குடிமக்களின் வீடுவாசலைக் கட்டுப்படுத்துகிறது. அந்த வரைபடத்துக்குரியவர் யார் என்பதை முழுமையாக அறியும் உரிமையும் அவர்களுக்கு உண்டு. சண்டீகர் 19-ஆவது செக்டாரில் அவர் பெயர் தாங்கிய மையத்துக்கு வரும் மாணவர்களுக்கு, விஷியில் அவர் கழித்த நாள்களையும் ஒளிவுமறைவின்றிச் சொல்வது நிர்வாகத்தின் கடமை.