தாமதத்துக்கு வட்டி கட்டுவது யார்?

மின்சாரக் கட்டணத்துக்குக் கெடு உண்டு. கெடு தாண்டினால் விளக்கு அணைந்துவிடும். வீட்டு வரி பாக்கி நின்றால் நோட்டீசு வரும்.

சர்க்காருக்கு மக்கள் கொடுக்க வேண்டிய பணத்துக்கு இத்தனை கண்டிப்பு! ஆனால், உழைத்து ஓய்வு பெற்றவருக்குச் சர்க்கார் கொடுக்க வேண்டிய பணம்?

"பைல் மேலே போயிருக்கிறது. அடுத்த வாரம் வாருங்கள்."

இதுதான் பல ஆபீசுகளில் கிடைக்கும் பதில். உத்தியோகம் ஓய்ந்தாலும் வீட்டுச் செலவு ஓய்வதில்லை. மளிகைக் கடைக்காரர் அடுத்த வாரம்வரை காத்திருப்பாரா? மருந்துக் கடைக்காரர் கடன் கொடுப்பாரா?

பிச்சை அல்ல, சொத்து

பென்ஷன் என்பது சர்க்கார் மனமிரங்கிப் போடும் பிச்சை அல்ல. அது ஊழியரின் உரிமை, அவருடைய சொத்து. பீகார் அரசு ஊழியர் ஒருவரின் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு 1971-ம் ஆண்டிலேயே இப்படித் தீர்ப்புக் கூறியது.

கேரள அரசு ஊழியர் ஒருவரின் கதையைக் கேளுங்கள். அவர் 1973 மே மாதம் ஓய்வு பெற்றார். பென்ஷனும் பணிக்கொடையும் கைக்கு வந்தது 1975 ஆகஸ்டு மாதம்! கடைசிச் சம்பளச் சான்றிதழைக் கருவூல அதிகாரி கொடுக்காமல் இழுத்தடித்ததே காரணம்.

அவர் சும்மா இருக்கவில்லை. 12 சதவீத வட்டி கேட்டு வழக்குப் போட்டார். 6 சதவீதம் கிடைத்தது. அதையும் எதிர்த்து சர்க்கார் சுப்ரீம் கோர்ட்டு வரை போய்த் தோற்றது.

1984-ம் ஆண்டு வந்த அந்தத் தீர்ப்பு முக்கியமானது. ஓய்வு பெற்று 2 மாதம் கடந்தால், அன்றைய சந்தை நிலவரப்படி வட்டி கொடுக்க வேண்டும் என்றது கோர்ட்டு. ஆனால் அவருடைய வட்டியை மட்டும் 12 சதவீதமாக உயர்த்த முடியவில்லை. 6 சதவீதம் போதாது என்று அவர் ஐகோர்ட்டில் ஆட்சேபிக்கவில்லையாம்!

வாய் திறந்து கேட்காததால் பாதி வட்டி போயிற்று.

யார் பணம்?

அந்த வட்டி யார் பணம்? சர்க்கார் பணம், அதாவது மக்கள் வரிப்பணம். பைலை முடக்கியவர் வழக்கில் சேர்க்கப்படவில்லை. ஆகவே அவரைக் கட்டச் சொல்ல கோர்ட்டால் முடியவில்லை. அவரிடம் வசூலிப்பது பற்றி சர்க்காரே யோசிக்கட்டும் என்று சொல்லி விட்டது.

யோசித்தால் மட்டும் போதாது. அதையே விதியாக்க வேண்டும். ஊழியர் ஓய்வு பெறும் தேதி திடீரென்று வருவதல்ல. அவர் வேலையில் சேர்ந்த அன்றே தெரிந்த தேதி. எந்த மேஜையில் பைல் எத்தனை நாள் தூங்கியது என்பதும் பைலிலேயே இருக்கிறது. வேண்டுமென்றே தாமதித்தவர் சம்பளத்தில் வட்டியைப் பிடித்தால், பைல் தூங்குமா?

என்ன செய்யலாம்?

ஓய்வு பெற்றவர் முதலில் எழுத்து மூலம் மனுக் கொடுக்க வேண்டும். பாக்கியோடு வட்டியையும் கேட்க வேண்டும். தேதியிட்ட ரசீது வாங்க வேண்டும்.

பைல் எங்கே இருக்கிறது என்று தகவல் உரிமைச் சட்டப்படி கேட்கலாம். 30 நாளில் பதில் வர வேண்டும்.

அரசு நிறுவனங்களில் பணிக்கொடையை 30 நாளில் கொடுக்க வேண்டும் என்றது 1972-ம் ஆண்டுச் சட்டம். 2025 நவம்பரில் அமலுக்கு வந்த சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்பிலும் அதே கெடுதான். தவறினால் தொழிலாளர் துறையில் இதற்கென உள்ள அதிகாரியிடம் முறையிடலாம்.

மாநில அரசு ஊழியர் ஐகோர்ட்டை நாடலாம். மத்திய அரசு ஊழியருக்கு மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் இருக்கிறது. வக்கீல் வைக்க வசதி இல்லையா? மாவட்டக் கோர்ட்டு வளாகத்தில் உள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம். பெண்கள், ஆதிதிராவிடர், பழங்குடியினர், வருமானம் குறைந்தோர் ஆகியோருக்கு அங்கே இலவச உதவி உண்டு.

ஆனாலும் ஒரு கேள்வி நிற்கிறது. தள்ளாத வயதில் கோர்ட்டுப் படி ஏறினால்தான் உழைத்த காசு வருமென்றால், அந்தப் படியை ஏற வைத்தவருக்கு ஒரு தண்டனையும் வேண்டாமா?